வெட்டியபின்பும் பச்சை



ஐவி என்னும் படர்கொடி ஐரோப்பாவிலிருந்து அழகுக்காகக் கொண்டுவரப்பட்டது. நாம் வாழும் ஒரிகன் மாநிலத்தில் 2010-ஆம் ஆண்டு முதல் அதன் விற்பனைக்கே தடை உண்டு. ஆயினும் நாங்கள் குடிவந்த வீட்டின் புல்தரையில் பாதியை அது மூடியிருந்தது. மூன்று குளிர்காலங்களாக, மழையில் மண் இளகியிருக்கும் சனிக்கிழமைகளில், என் மனைவியும் நானும் அதை அகற்றி வருகிறோம்.

தரையில் படரும் அதன் தண்டு கணுவுக்குக் கணு வேர்விடும். பிடுங்கிய துண்டை ஈரமண்ணில் போட்டுவிட்டால் அதுவும் பிழைத்துக்கொள்ளும். சாறு பட்டால் சிலருக்குத் தோல் சிவந்து அரிக்கும், கையுறை அவசியம். மரத்தில் ஏறிய கொடியையோ பற்றி இழுக்கலாகாது. பட்டையும் சேர்ந்து உரியும். அடிமரத்தைச் சுற்றித் தோளுயரத்தில் ஒருமுறையும் தரையோரத்தில் ஒருமுறையும் அறுத்து, இடைப்பட்டதை மட்டும் நீக்கவேண்டும். மேலே உள்ளது உடனே வாடாது. பல வாரங்கள் பச்சையாகவே நின்று, பின்பு தானே உலரும்.

உயரே ஏறிய கொடிதான் பூத்துக் காய்க்கும். அதன் பழங்களைப் பறவைகள் தின்று, அயலார் தோட்டங்களில் விதைகளை இடுகின்றன. எபிரெயருக்கு எழுதின நிருபத்தின் 12-ஆம் அதிகாரம் கசப்பை வேராகக் காண்பதும், அது ஒருவரோடு நில்லாது என்று எச்சரிப்பதும் எத்தனை உண்மை!

எங்கள் தகப்பனாரின் வீட்டைப் பங்கிட்ட நாள்முதல் என் அண்ணன் ஒன்பது ஆண்டுகள் என்னோடு பேசவில்லை. அவர் பிள்ளைகளும் என் பிள்ளைகளும் ஒருவரையொருவர் அறியாமலே வளர்ந்தார்கள். தகராறு எங்களுடையது, இழப்பு அவர்களுடையது. சென்ற ஆண்டு முதல் ஞாயிறுதோறும் ஆராதனை முடிந்தபின் அவரைத் தொலைபேசியில் அழைக்கிறேன். பத்திரத்தைப்பற்றிப் பேசுவதில்லை. பல மாதங்கள் இரண்டு சொற்களே பதிலாக வந்தன. மேலே பச்சை தெரிவதால் கீழே வெட்டியது வீணாயிற்று என்று எண்ணலாகாது என்பதை அந்த மரத்தடியில் கற்றிருந்தேன், ஆகவே தொடர்ந்தேன். போன மாதம் அவராகவே என் மகளின் பெயரைச் சொல்லி, “எப்படிப் படிக்கிறாள்?” என்று விசாரித்தார். பங்கு வழக்கு இன்னும் தீரவில்லை. ஆயினும் பிள்ளைகள் பேசிக்கொள்கிறார்கள்.

பிரியமானவர்களே, இதை வாசிக்கையில் உங்கள் நினைவில் எழுந்த பெயர் எதுவோ, அவரை இவ்வாரம் அழையுங்கள். பதில் குறுகியதாயிருந்தால் அடுத்த வாரமும் அழையுங்கள்.

கர்த்தருடைய சமாதானம் உங்கள் வீடுகளில் தங்குவதாக. ஆமென்.