வேலியோரச் செவ்வரத்தை

பரந்தன் – முல்லைத்தீவு வீதியால் போய், விசுவமடு தாண்டி ஓர் ஒழுங்கையில் இறங்கினால் அந்த வளவு. 2010 இல் மீளக்குடியேறிய அக்கா பல வருடங்களாகப் பூங்கன்று எதுவும் நடவில்லை. "திரும்பவும் விட்டிட்டு ஓடவோ, தங்கச்சி?" என்பார்.

இன்று வேலியோரம் செவ்வரத்தை நிரையாகப் பூத்திருக்கிறது. காசு செலவில்லை, மகள் அயல்வீட்டில் கேட்டு வாங்கிய தடிகள்தான். பென்சில் தடிப்பில் ஒரு சாண் நீளம் வெட்டி, இரண்டு கணு மண்ணுக்குள் போக, ஐப்பசி மழையோடு நட்டார்கள். கோடையில் அடியில் பொச்சுமட்டை பரப்பி, குளிக்கும் தண்ணீரை வாய்க்காலால் விடுகிறார்கள். புதுக்கிளையில்தான் பூ வரும் என்பதால் நுனிகளைக் கத்தரிக்கிறார்கள்.

விடைபெறும்போது எனக்கும் நான்கு தடிகள் தந்தார். "வேர் விட்டிட்டுது, தங்கச்சி. இனி நான் எங்கையும் போறேல்லை."

சகோதரிகளே, இந்த மாரிக்கு நீங்களும் ஒரு தடி நடுங்கள்.