துடைப்பம் பறக்காத ஊரில்...

காஞ்சிபுரத்துக்குப் போனது பட்டுப்புடவை வாங்க. மாட்டிக்கொண்டது மகாபாரத யுத்தத்தில்!

கிளம்பும்போதே சகுனம் சரியில்லை. அக்கா பையன் துடைப்பத்தைக் காலுக்கு நடுவில் வைத்துக்கொண்டு ஹாலில் ஓடிக்கொண்டிருந்தான். "மாமா, இது க்விடிச்!"

ஹாரி பாட்டர் கதையில் மந்திரவாதிப் பிள்ளைகள் பறந்து பறந்து ஆடுகிற ஆட்டம். 2005-ல் அமெரிக்காவின் மிடில்பரி கல்லூரிப் பசங்கள் அதைத் தரைக்கு இறக்கிவிட்டார்கள். பறப்பது கட், துடைப்பம் மட்டும் பாக்கி. கதையில் சிறகடித்துத் தப்பிக்கிற தங்கப் பந்து, இங்கே இடுப்பில் சாக்ஸ் சொருகிக்கொண்டு ஓடுகிற ஓர் ஆள். சாக்ஸுக்குள் டென்னிஸ் பந்து! 2022-ல் ஆட்டத்தின் பெயரையும் 'க்வாட்பால்' என்று மாற்றிவிட்டார்கள்.

"பறக்காம என்னடா ஆட்டம்?" என்று சிரித்துவிட்டு பஸ் ஏறினேன்.

காஞ்சியில், தெரிந்த நெசவாளர் வீட்டில் தறி நின்றிருந்தது. பங்குனி பிறந்தால் சுற்றுவட்டாரத்தில் பாரதத் திருவிழா சீசன் ஆயிற்றே!

"பக்கத்து ஊர்ல இன்னிக்குப் படுகளம் சார். வாங்க, போலாம்."

"புடவை?"

"துரியோதனன் செத்தப்புறம் பாக்கலாம்!"

திரௌபதி அம்மன் கோயில் திடலில் மண்ணால் செய்த துரியோதனன் மல்லாந்து கிடந்தான். இரண்டு பஸ்களை வரிசையாக நிறுத்திய நீளம். பத்து நாளாகப் பகலில் பாரதப் பிரசங்கம், ராத்திரி கூத்து. இன்று கடைசி ஆட்டம். வேஷம் கட்டிய பீமனும் துரியோதனனும் சிலைமேல் ஏறி, இறங்கி, கூட்டத்துக்குள் புகுந்து ஓட, ஊரே பின்னால் ஓடியது. நானும்தான், ஒரு செருப்பு அம்பேல்!

கதாயுதச் சண்டையில் இடுப்புக்குக் கீழே அடித்தால் ஃபௌல். ஆனால் கிருஷ்ணரே தொடையைத் தட்டிக் காட்டுகிறாரே, யாரிடம் அப்பீல் செய்வது? பீமன் சிலையின் தொடையில் ஓங்கி அடித்தான். உள்ளே வைத்திருந்த சிவப்புத் தண்ணீர் பொங்கியது. அதைத் தொட்டுப் பாஞ்சாலி கூந்தல் முடிந்தாள்.

பக்கத்தில் ஒரு பாட்டி அழுதுகொண்டிருந்தாள்.

"பாட்டி, அவன் கெட்டவன்தானே?"

"இருக்கட்டும்பா. பெத்தவ ஒருத்தி இருக்காளே..."

துரியோதன வேஷக்காரர் மர நிழலில் சோடா குடித்துக்கொண்டிருந்தார். முழங்காலில் சிராய்ப்பு. இது சாயம் இல்லை, நிஜ ரத்தம்.

"வலிக்குதா அண்ணே?"

"பத்து நாளா தூக்கமே இல்ல சார். ஆனா நான் ஓடலேன்னா பீமன் யாரைத் துரத்துவான்?"

பதில் சொல்ல வாய் வரவில்லை. சாயங்காலம் புடவை எடுத்துக்கொண்டு வீடு திரும்பினேன். பையன் துடைப்பத்தோடு சோகமாக உட்கார்ந்திருந்தான்.

"கூட ஆட ஆளே இல்ல மாமா."

கழற்றின சாக்ஸுக்குள் ஒரு பந்தைப் போட்டு இடுப்பில் சொருகிக்கொண்டேன்.

"நான்தாண்டா தங்கப் பந்து. பிடி, பாக்கலாம்!"