நெய் யார் தருகிறார்?

புதுச்சேரியிலிருந்து கடலூர் செல்லும் நெடுஞ்சாலையில் கிருமாம்பாக்கத்தைக் கடந்து சென்றவர்களுக்கு அவ்வூர் மருத்துவக் கல்லூரியால்தான் நினைவிருக்கும். சாலையை விட்டு உள்ளே திரும்பினால் இன்றும் நெல்வயல்கள் உண்டு. அங்கே வாழும் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவருக்குச் சென்ற ஆண்டு சதாபிஷேகம் நடைபெற்றது.

திருக்கடையூரில் நடத்தலாம் என்பது பெங்களூரில் இருக்கும் மகனின் விருப்பம். பெரியவர் இசையவில்லை. "பிறந்த ஊரில் நாலு பேருக்குச் சோறு போட்டால் போதும்" என்றார். நாலு பேர் நானூறு பேரானார்கள். மகன் தொலைபேசியிலேயே புதுச்சேரி ஈவன்ட் மேனேஜ்மென்ட் நிறுவனம் ஒன்றிடம் எல்லாவற்றையும் ஒப்படைத்து, பாதித் தொகையை முன்பணமாகவும் அனுப்பிவிட்டார்.

நிறுவனத்து இளைஞர் வீட்டுக்கு வந்தார். பந்தலின் நிறம், மேடையின் அலங்காரம் என்று படம் படமாகக் காட்டினார். பெரியவர் பொறுமையாகப் பார்த்து முடித்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்.

"ஹோமத்துக்கு நெய் யார் தருகிறார்?"

"அதெல்லாம் எங்கள் பொறுப்பு ஐயா. நீங்கள் மணையில் வந்து உட்கார்ந்தால் போதும்."

"உட்காருகிறேன் தம்பி. ஆனால் வரப்போகிறவர்கள் உங்களை நம்பி வரவில்லை. பத்திரிகையில் என் பெயரைப் பார்த்து வருகிறார்கள். விலை விவரம் எனக்கு வேண்டாம். சமையல், பந்தல், விளக்கு, பூ, நெய், வீடியோ ஆகியவற்றை யார் யார் தருகிறார்கள்? பெயரும் ஊரும் மட்டும் எழுதிக் கொடுங்கள்."

இளைஞர் தயங்கினார். தொழில் ரகசியம் என்றார். பிறகு அரைமனத்துடன் எழுதிக் கொடுத்தார்.

இக்கேள்வி இக்காலத்துச் சந்தேகப் புத்தியால் பிறந்தது என்று எண்ணிவிட வேண்டாம். தஞ்சைப் பெரிய கோயிலின் விளக்குகளுக்கு நெய் வந்த விதத்தை அங்குள்ள கல்வெட்டுகளே சொல்கின்றன. ஒரு நந்தாவிளக்குக்கு 96 ஆடுகள். அவற்றைப் பெற்றுக்கொண்ட இடையர் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். இவ்வாறு விடப்பட்ட ஆடுகளைச் 'சாவா மூவாப் பேராடு' என்பார்கள்; ஆடுகள் செத்தாலும் கிழடானாலும் குட்டிகளைக் கொண்டு எண்ணிக்கை குறையாமல் காக்க வேண்டும் என்பது அதன் கருத்து. நெய் அளக்க வேண்டிய இடையர்களின் பெயர்களும் கல்லில் இருக்கின்றன. இராசராசனுக்கு அதிகாரத்தில் என்ன குறைவு? ஆயினும் நெய் அளப்பவன் இன்னான் என்று பொறித்து வைக்கத்தான் செய்தார்கள்.

2024 செப்டம்பரில் திருப்பதி லட்டுக்கான நெய்யைப் பற்றிச் சர்ச்சை எழுந்ததும், அடுத்த மாதம் உச்ச நீதிமன்றமே சிறப்பு விசாரணைக் குழு அமைத்ததும் வாசகர்கள் அறிந்தவை. அது முதலே பெரியவர் மனம் நெய் விஷயத்தில் அமைதியிழந்திருந்தது. அறிவியல் ஆசிரியராக இருந்தவர் வேறு. வனஸ்பதியில் குறைந்தது 5 விழுக்காடு நல்லெண்ணெய் சேர்க்க வேண்டும் என்று நம் நாட்டில் விதித்திருந்தது எதற்காக என்பதை வகுப்பில் சுவையாகச் சொல்வாராம். நெய்யில் வனஸ்பதியைக் கலந்தால் அந்த நல்லெண்ணெய் சோதனைக் குழாயில் சிவந்து காட்டிக்கொடுத்துவிடும். அரசாங்கமே வைத்த ஒற்றன்! ஆனால் வேறு கொழுப்புகளைக் கலப்பவனிடம் இந்த ஒற்றனுக்கு வேலையில்லை. ஆகையால் முத்திரையோ முகவரியோ இல்லாத டின் நெய் வேண்டாம் என்று முடிவு செய்து, அக்மார்க் நெய்யைத் தாமே வாங்கிவிட்டார். அது எளிதில் தீர்ந்தது.

பந்தல்காரர் விஷயமும் அப்படியே. அவருடைய பில்லில் புதுச்சேரி முகவரி இருந்தது, ஜி.எஸ்.டி. எண்ணோ 33 என்று தொடங்கியது. புதுச்சேரிக்கு 34 அல்லவா? விசாரித்ததில் கிடங்கும் பதிவும் கடலூரில் என்றும், புதுச்சேரியில் இருப்பது முன்பதிவு அலுவலகம் மட்டுமே என்றும் தெரிந்தது. அந்தப் பந்தல்காரரிடம் பெரியவர் வற்புறுத்தியது வேறொன்று. 2004 ஜனவரியில் ஸ்ரீரங்கத்துத் திருமண மண்டபத்தில் மூண்ட தீயில் மணமகன் உட்பட ஐம்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். வீடியோ விளக்குக்குச் சென்ற மின்சாரத்தில் தொடங்கிக் கீற்றுக் கூரையில் பற்றிய நெருப்பு அது. எனவே கீற்று கூடாது, விளக்கருகே துணி தொங்கக் கூடாது, வெளியேற இரண்டு வழி, ஜெனரேட்டர் பந்தலை விட்டுத் தள்ளி. பந்தல்காரர் மறுப்பின்றி ஒப்புக்கொண்டார்.

சமையற்காரரிடம்தான் சிக்கல். அவர் கொடுத்த 14 இலக்க உணவுப் பாதுகாப்பு உரிம எண்ணைப் பேரன் கைப்பேசியில் தேடினான். அது வேறோர் ஊரிலுள்ள பேக்கரியின் எண்.

மகன் தொலைபேசியில் கொதித்தார். "அந்த ஆளே வேண்டாம், அப்பா!" பெரியவர் அவசரப்படவில்லை. சமையற்காரரின் இடத்துக்கே சென்றார். பாத்திரங்கள் கவிழ்த்து அடுக்கியிருந்தன. தண்ணீர்த் தொட்டி மூடியிருந்தது. உரிமம் பற்றிக் கேட்டதும் அம்மனிதர் தலைகுனிந்தார். பேக்கரி அவருடைய மைத்துனருடையது. "இருபது வருஷமா அடுப்படியில நிக்கிறேன் ஐயா. உப்பு சரியா இருக்கான்னு கேட்டவங்க உண்டு. இதை யாரும் கேட்டதில்லை."

சிறு அளவில் சமைப்பவருக்கு உரிமம்கூட வேண்டாம், பதிவு போதும்; ஆண்டுக்கு 100 ரூபாய்தான் கட்டணம் என்று அவருக்கு எவரும் சொல்லியிருக்கவில்லை. பேரனே உடனிருந்து விண்ணப்பத்தை நிரப்பினான். பொய் எண் கொடுத்தவரை வைத்துக்கொள்வது சரியா என்று வீட்டில் இரண்டு நாள் வாதம் நடந்தது. மகனின் கட்சியிலும் நியாயம் இருந்தது. "கேட்டதும் ஒளிக்காமல் சொன்னாரே" என்று அம்மாள் சொன்னதோடு வாதம் நின்றது.

இத்தனை கவனமாக இருந்தவர் ஓரிடத்தில் சறுக்கினார். பட்டியலில் பூவுக்கு எழுதியிருந்த பெயர் உள்ளூர்ப் பிள்ளையார் கோயிலுக்கு மாலை கட்டும் குடும்பத்துடையது. மூன்று தலைமுறைப் பழக்கம். நோட்டும் பேனாவுமாகப் போன வேகத்தில், மற்றவர்களைக் கேட்டது போலவே அவரிடமும், "உமக்கு என்ன அத்தாட்சி?" என்று கேட்டுவிட்டார். பூக்காரர் ஒன்றும் பேசவில்லை. மறுநாள், தமக்கு வசதிப்படாது என்று சொல்லியனுப்பிவிட்டார்.

அன்று மாலையே பெரியவர் அவர் வீட்டுத் திண்ணையில் போய் அமர்ந்தார். எண்பது வயதில் தம் பழைய மாணவனின் தகப்பனிடம், "தப்பாகக் கேட்டுவிட்டேன்" என்று சொல்வது எளிதன்று. அதன் பிறகு பேச்சோடு பேச்சாக வெளிவந்தது, முந்தைய இரண்டு விழாக்களுக்கான பணம் அந்த நிறுவனத்திடமிருந்து பூக்காரருக்கு இன்னும் வரவில்லை என்பது. பெரியவர் திடுக்கிட்டார். பொருள் தருபவர்கள் நாணயமானவர்களா என்று பத்து நாளாக அலைந்தவர், அவர்களுக்குரிய பணம் ஒழுங்காகப் போய்ச் சேருகிறதா என்று கேட்கவே இல்லை. பாக்கி நிற்கும் பூக்காரர் முகூர்த்த நாளில் வேறு வாசலுக்கு மாலை கொண்டுபோனால் அவரைக் குறை சொல்ல முடியுமா?

மற்றவர்களிடம் மீண்டும் சென்றார். இம்முறை ஒரே கேள்வி: "உங்களுக்குப் பாக்கி உண்டா?" பந்தல்காரருக்கும் உண்டு. மகனிடம் சொல்லி, மீதித் தொகையில் அவரவர் பங்கை நேராக அவரவர் வங்கிக் கணக்குக்கே செலுத்த ஏற்பாடு செய்தார். நிறுவனத்து இளைஞருக்கு முகம் சுருங்கியது. ஆயினும் பூக்காரரின் பழைய பாக்கியை விழாவுக்கு முன்பே தீர்த்துவிட்டார்.

விழாவன்று விடியற்காலையில் ஜெனரேட்டர் பந்தலை ஒட்டியே நின்றிருந்தது. அதை நகர்த்தி முடிக்க இருபது நிமிடம் ஆயிற்று. கலசத்தருகே அமர்ந்திருந்த சாஸ்திரிகள் கடிகாரத்தைப் பார்த்தபடி இருந்தார். "இந்த நேரத்தில் இது தேவையா, அப்பா?" என்று மகன் கேட்டார். பெரியவர் பதில் சொல்லவில்லை. ஜெனரேட்டர் வேலியோரம் போய்ச் சேரும்வரை மணையில் உட்காரவுமில்லை.

சமையற்காரரின் பதிவுச் சான்று விழாவுக்கு முன்தினம் வந்திருந்தது. அதற்குக் கண்ணாடிச் சட்டம் போட்டு எடுத்துவந்து, அடுப்பு மூட்டுமுன் பிள்ளையாருக்கு எதிரில் சாய்த்து வைத்திருந்தார். அம்மாள் அதன் மூலையில் ஒரு குங்குமப் பொட்டு வைத்துவிட்டு, பாயசத்துக்கு வெல்லம் போதுமா என்று பார்க்கப் போனார்.