மவுண்ட் வேர்னனில் இரண்டு பாத்திமாக்கள்

அரபுக் கல்லூரிகளில் ஓதிக் கொடுக்கப்படும் ஷாபிஈ பிக்ஹுக் கிதாபுகளில் கடைசியாக வரும் பாடம் அடிமைகளை உரிமை விடுவது பற்றியது. எஜமானின் மரணத்தோடு விடுதலை என்று வாக்களிக்கப்பட்ட அடிமைக்கு ‘முதப்பர்’ என்று பெயர். குறித்த தொகையை உழைத்துக் கொடுத்து விடுதலை பெற உடன்படிக்கை செய்துகொண்டவருக்கு ‘முகாதப்’ என்று பெயர். இந்தப் பாடத்துக்கு வரும்போதெல்லாம் யாராவது ஒரு மாணவன், “ஹஸரத், இப்போது அடிமைகளே இல்லையே, இதை ஏன் ஓதுகிறோம்?” என்று கேட்பான். நானும் ஏதாவது ஒரு பதில் சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடர்வேன். அந்தக் கேள்வியின் கனம் எனக்கு விளங்கியது, அமெரிக்காவின் முதலாவது ஜனாதிபதி வாழ்ந்த வீட்டைப் பார்க்கப் போன அன்றுதான்.

வேர்ஜீனியா மாநிலத்தில் தொழில் செய்யும் என் சகோதரியின் மகன், “மாமா, வொஷிங்டன் நகரத்தைப் பார்த்துவிட்டீர்கள். வொஷிங்டனின் வீட்டையும் பார்த்துவிட்டுப் போங்கள்” என்று அழைத்துச் சென்றார். தலைநகரிலிருந்து தெற்கே ஏறத்தாழ 15 மைல் தூரம். பொடோமக் என்ற அகன்ற ஆற்றின் கரையில், மேடான ஓரிடத்தில் அந்த வீடு நிற்கிறது. மவுண்ட் வேர்னன் என்பது அதன் பெயர்.

தூரத்தில் பார்த்தால் வெள்ளைக் கல்லால் கட்டிய மாளிகை போல இருக்கும். கிட்டப் போனால்தான் அது பலகை வீடு என்று தெரியும். பலகையைக் கல்லின் வடிவில் செதுக்கி, வர்ணம் பூசி, அதன் மேல் மணலைத் தூவியிருக்கிறார்கள். சிவப்புக் கூரையின் உச்சியில் சமாதானப் புறா ஒன்று காற்றின் திசை காட்டுகிறது. ஆற்றைப் பார்த்த பக்கத்தில் உயர்ந்த தூண்களுடன் நீண்ட விறாந்தை. அங்கிருந்து பார்க்கும் காட்சி, சுப்ஹானல்லாஹ், கண்ணுக்கு மிகவும் குளிர்ச்சியானது.

வீட்டின் நடுக்கூடத்துச் சுவரில், கண்ணாடிப் பெட்டிக்குள் பெரிய இரும்புச் சாவி ஒன்று தொங்குகிறது. பிரான்சில் 1789ஆம் ஆண்டு மக்கள் உடைத்தெறிந்த பஸ்தீல் சிறைச்சாலையின் சாவி அது. வொஷிங்டனின் நண்பரான லபாயெத் என்ற பிரெஞ்சுத் தளபதி, விடுதலையின் அடையாளமாக அதனை அனுப்பி வைத்தார். விடுதலையின் சாவி தொங்கிய இந்த வீட்டிலேதான், 1799ஆம் ஆண்டின் கணக்குப்படி, 317 மனிதர்கள் அடிமைகளாக இருந்தார்கள்.

ஜோர்ஜ் வொஷிங்டன் 11 வயதில் தந்தையை இழந்தார். அப்போதே அவருக்கு வாரிசாகக் கிடைத்த சொத்தில் அடிமைகளும் இருந்தனர். 1759இல் அவர் மார்த்தா என்ற விதவையை மணந்தார். மார்த்தாவின் முதற் கணவர் 1757இல் மரண சாசனம் எதுவும் எழுதாமல் இறந்துபோன செல்வந்தர். அன்றைய சட்டப்படி விதவைக்குச் சொத்தில் மூன்றிலொரு பங்கு உண்டு. ஆனால் அது அவளுடைய சொந்தமல்ல; உயிரோடிருக்கும் வரை அனுபவிக்கலாம், இறந்த பின் முதற் கணவரின் வாரிசுகளுக்குப் போய்விடும். அவ்வாறு வந்த அடிமைகளை மார்த்தாவாலும் உரிமை விட முடியாது, வொஷிங்டனாலும் முடியாது.

சகோதரிகளே, இதை வாசிக்கும்போது ஸூரத்துன் நிஸாவின் வாரிசுரிமை வசனங்களை நினைத்துப் பாருங்கள். மனைவிக்குப் பிள்ளை இல்லாதபோது நாலிலொன்று, பிள்ளை இருந்தால் எட்டிலொன்று என்று அல்லாஹ் பங்கு வைத்தான். பங்கு சிறிதாகத் தோன்றலாம். ஆனால் அது அவளுடையது. விற்கவும், கொடுக்கவும், ஸதக்கா செய்யவும் அவளுக்கு உரிமை உண்டு.

வீட்டைப் பார்த்து முடித்து, பச்சை இல்லம் எனப்படும் கட்டிடத்தின் பக்கம் போனோம். அதன் இரு புறத்திலும் அடிமைகளின் அறைகள். சுவரோடு சேர்த்து அடுக்கடுக்காகப் பலகைக் கட்டில்கள், ஓர் அடுப்பு. இவர்களின் உணவு பெரும்பாலும் சோளமாவும் உப்பிட்ட மீனும். ஞாயிறு தவிர ஆறு நாட்களும் விடிந்தது முதல் இருட்டும் வரை வேலை.

1774ஆம் ஆண்டு வொஷிங்டன் வரி கட்டுவதற்காக எழுதி வைத்த அடிமைகளின் பட்டியலில் இரண்டு பெயர்கள் உண்டு. ஒன்று ‘பாத்திமர்’, மற்றது ‘சின்னப் பாத்திமர்’. தாயும் மகளுமாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகின்றனர். ஆபிரிக்காவின் மேற்குக் கரையிலிருந்து கப்பலேற்றப்பட்டவர்களில் முஸ்லிம்களும் இருந்தார்கள் என்பது வரலாறு. எங்கள் வீடுகளில் நாளுக்குப் பத்துத் தடவை கூப்பிடும் அந்தப் பெயர், ஒரு வரிப் பட்டியலில், குதிரை மாடுகளுக்கும் கணக்கு வைத்த ஒரு பண்ணையில் இருந்தது என்று கேட்டபோது என்னால் சிறிது நேரம் பேச முடியவில்லை.

ஓனா ஜட்ஜ் என்ற இளம் பெண்ணின் கதையையும் அங்கே சொல்கிறார்கள். அவள் மார்த்தாவின் அந்தரங்கப் பணிப்பெண். ஜனாதிபதி பிலடெல்பியாவில் இருந்த காலம் அது. அந்த மாநிலத்துக்கு வந்து குடியிருப்பவர் ஆறு மாதத்துக்கு மேல் தம்மோடு வைத்திருக்கும் அடிமை விடுதலை கோரலாம் என்பது சட்டம். அதனைத் தவிர்க்க, தவணை முடியுமுன் அடிமைகளை ஊருக்கு அனுப்பித் திரும்ப அழைத்தார் வொஷிங்டன். மார்த்தாவின் பேத்திக்குத் தன்னைப் பரிசாகக் கொடுக்கப் போகிறார்கள் என்று ஓனா அறிந்தாள். 1796 மே மாதம் 21ஆம் திகதி, குடும்பத்தார் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது வீட்டை விட்டு வெளியேறி, கப்பலேறி நியூ ஹாம்ப்ஷயருக்குப் போய்விட்டாள். ஜனாதிபதி தம் நிதிச் செயலாளர் மூலம் அவளைத் திருப்பியெடுக்க முயன்றார். அவள் திரும்பவில்லை. மணமுடித்தாள், பிள்ளைகளைப் பெற்றாள், வாசிக்கக் கற்றாள், வறுமையில் உழன்று 1848இல் இறந்தாள். போனதற்காக வருந்துகிறாயா என்று முதுமையில் கேட்டவர்களிடம், இல்லை என்றே சொன்னாள்.

மாடியில் வொஷிங்டன் இறந்த அறையும் கட்டிலும் இருக்கின்றன. 1799 டிசம்பர் 14ஆம் திகதி, தொண்டை நோயால் மூச்சுத் திணறியபடி, மேசையிலிருந்து தம் இரண்டு மரண சாசனங்களையும் கொண்டுவரச் சொன்னார். மார்த்தா கொண்டுவந்தார். ஒன்றைப் பார்த்து, இது பயனற்றது, எரித்துவிடு என்றார். அது எரிக்கப்பட்டது. மற்றது அந்த வருடம் ஜூலை மாதம் தம் கையாலேயே எழுதியது. தமக்குச் சொந்தமான 123 பேருக்கும் விடுதலை அளித்தது அந்தச் சாசனம்தான். யுத்த காலமெல்லாம் உடனிருந்த வில்லியம் லீக்கு உடனடி விடுதலையும் வருடத்துக்கு 30 டொலர் உதவிப்பணமும் கிடைத்தன. மற்றவர்களுக்கு மார்த்தாவின் மரணத்தின் பின்பே விடுதலை. முதியவர்களுக்கு உணவும் உடையும் கொடுக்க வேண்டும், ஆதரவற்ற பிள்ளைகளுக்கு 25 வயது வரை எழுத்தும் தொழிலும் கற்பிக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தார்.

அமெரிக்காவின் முதல் ஐந்து ஜனாதிபதிகளில் நால்வர் அடிமைகளை வைத்திருந்தவர்கள். ஜோன் அடம்ஸ் ஒருவரே வைத்திருக்காதவர். அந்த நால்வரில் தமக்குச் சொந்தமான எல்லோரையும் உரிமை விட்டவர் வொஷிங்டன் மட்டுமே. எல்லா மனிதரும் சமமாகப் படைக்கப்பட்டவர்கள் என்று சுதந்திரப் பிரகடனத்தில் எழுதிய ஜெபர்சன் 1826இல் கடனோடு இறந்தார். மறு வருடம் அவருடைய வீட்டு முற்றத்தில் 130 மனிதர்கள் ஏலத்துக்கு வந்தனர். தலைவர் பட்ட கடனை யாரோ ஒரு தாயும் பிள்ளையும் பிரிந்து அடைத்தார்கள்.

ஆனால் வொஷிங்டனின் சாசனத்திலும் ஒரு விபரீதம் இருந்தது. நூற்றுக்கு மேற்பட்டவர்களின் விடுதலை ஒரு கிழவியின் மூச்சில் தொங்கியது. தம் மரணத்துக்காகக் காத்திருப்பவர்களின் நடுவே வாழ மார்த்தா அஞ்சினார் என்று, அங்கே வந்துபோன ஜனாதிபதி அடம்ஸின் மனைவி எழுதினார். 1801 ஜனவரி முதலாம் திகதி மார்த்தா அவர்களை விடுதலை செய்துவிட்டார். அடுத்த வருடம் அவர் இறந்ததும், முதற் கணவரின் பங்கில் வந்த 150க்கும் மேற்பட்டோர் நான்கு பேரப்பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டனர். இரு பகுதியினரும் தமக்குள் மணமுடித்திருந்தார்கள். கணவன் சுதந்திர மனிதன், மனைவியும் பிள்ளைகளும் அடிமைகள். மார்த்தாவுக்குத் தனிச் சொந்தமாக எலிஷ் என்ற ஓர் அடிமை இருந்தான். அவனையும் அவர் பேரனுக்கே எழுதி வைத்தார்.

அப்போதுதான் என் மாணவர்களின் கேள்வி நினைவுக்கு வந்தது. நாங்கள் கிதாபில் ‘முதப்பர்’ என்று ஒரு சொல்லில் ஓதிவிட்டுப் போவதை இங்கே நூற்றுக்கணக்கான மனிதர்கள் வாழ்ந்து காட்டியிருக்கிறார்கள். அவர்களைக் குறை சொல்லிவிட்டு நாம் தப்பிவிடவும் முடியாது. ஓர் அடிமையின் கழுத்தை விடுவிப்பதே கடினமான கணவாயைக் கடப்பது என்று குர்ஆன் சொல்லியும், பாவங்களுக்குப் பரிகாரமாக உரிமை விடுதலை விதிக்கப்பட்டும், முஸ்லிம் நாடுகளிலும் நூற்றாண்டுக் கணக்கில் அடிமைச் சந்தைகள் நடந்தன. அபூபக்ர் (ரலி) அவர்கள் பிலால் (ரலி) அவர்களை விலை கொடுத்து வாங்கி விடுவித்ததை மிம்பரில் சொன்ன வாயே, வெளியே வந்து விலை பேசியதும் உண்டு.

வொஷிங்டனின் கப்றுக்குச் சிறிது தூரத்தில், மரங்களின் நடுவே அடிமைகளின் மையவாடி இருக்கிறது. கப்றுகளுக்கு மீஸான் இல்லை, பெயரும் இல்லை. 1929இல் வைத்த ஒரு கல்லும், 1983இல் ஹாவர்ட் பல்கலைக்கழக மாணவர்களின் திட்டப்படி எழுப்பிய, பாதியில் வெட்டப்பட்டது போன்ற கருங்கல் தூணும் உண்டு. பாழடைந்து கிடந்த மவுண்ட் வேர்னனை 1858இல் இரண்டு இலட்சம் டொலருக்கு விலை பேசி வாங்கிக் காப்பாற்றியவர்கள் பெண்கள். ஆன் பமேலா கனிங்ஹாம் என்ற நோயாளிப் பெண்மணி தொடங்கிய பெண்கள் சங்கமே இன்றும் அதனை நிர்வகிக்கின்றது.

நான் அந்தத் தூணருகே நின்றேன். இரண்டு பாத்திமாக்களையும் படைத்தவன் அவர்களை அறிவான் என்று அவனிடமே ஒப்படைத்து, கையேந்தித் துஆச் செய்தேன். மருமகனும் பக்கத்தில் நின்று ஆமீன் சொன்னார்.

ஆரோக்கியமாக, செல்வத்தில் ஆசையோடும் வறுமைக்குப் பயந்தும் இருக்கும் நேரத்தில் கொடுப்பதே சிறந்த தர்மம். உயிர் தொண்டைக்குழிக்கு வரும் வரை பிற்போடாதீர்கள் என்ற கருத்தில் நபி (ஸல்) அவர்கள் கூறிய ஹதீஸ் புகாரி, முஸ்லிமில் உண்டு. வொஷிங்டன் நல்லதைத்தான் எழுதினார். ஆனால் தொண்டை அடைக்கும் வரை காத்திருந்தார். இடையில் ஒரு வாழ்நாள் போய்விட்டது, பலருடைய வாழ்நாள்.

நம் வீடுகளில் யாருடைய ஹக்கு நம் கையில் கிடக்கிறது? சகோதரிக்குச் சேர வேண்டிய வாரிசுப் பங்கா, கணவன் கொடுக்காமல் வைத்திருக்கும் மஹரா, வேலைக்கு நிற்கும் பிள்ளையின் மாதக் கூலியா? இன்ஷா அல்லாஹ், இனி என் மாணவன் அந்தக் கேள்வியைக் கேட்டால் இதைத்தான் சொல்வேன்: கொடுக்க வேண்டியதை மௌத்துக்குப் பிறகு கொடுக்கலாம் என்று வைத்திருப்பவர்கள் இருக்கும் வரை, மகனே, அந்தப் பாடம் பழையதாகாது.