மனு எழுதித் தரவில்லை

 

போன ஞாயிறு, என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்த மாணவன் ஒருவன் வந்தான். இப்போது அவனுக்கு நாற்பது வயது. பெரியப்பா மகன் பொது நிலத்தை விற்றுவிட்டானாம். "சார், ஸ்டேஷனுக்கு ஒரு மனு எழுதித் தாங்க. உள்ள தூக்கி வச்சாத்தான் வழிக்கு வருவான்" என்றான். எழுதித் தரவில்லை. காபி கொடுத்து உட்கார வைத்து, என் கதையைச் சொன்னேன்.

அப்பா உயில் எழுதாமல் போய்ச் சேர்ந்தார். பிள்ளைகள் நானும் தம்பியும்தான். வயல்களை வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டோம். கிணறும் அதைச் சுற்றி 38 சென்ட்டும் மட்டும் பொது. 2016-இல் தம்பி அதைத் தனக்கே சொந்தம் என்று எழுதிக் கொடுத்து விற்றுவிட்டான். வில்லங்கச் சான்று எடுத்தபோதுதான் எனக்கே தெரிந்தது.

அன்றிரவே மனு எழுதினேன். மோசடி, போலி ஆவணம். "கொலை மிரட்டல்னு ஒரு வரி சேருங்க, அப்பத்தான் எஃப்.ஐ.ஆர். போடுவாங்க" என்றார் தெரிந்தவர் ஒருவர். சேர்த்தேன். உண்மையில் வரப்பில் நின்று தம்பி சொன்னது, "கோர்ட்டுல பாத்துக்கங்கண்ணே" என்பது மட்டும்தான். பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட அவன் மகனையும் இரண்டாம் எதிரியாகச் சேர்த்தேன்.

தம்பி உயர்நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போனான். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482-ஆவது பிரிவில் மனு. (2024 ஜூலை முதல் வந்த புதிய சட்டத்தில் அது 528-ஆவது பிரிவு.) 2019-இல் என் வழக்கு ரத்தானது.

நீதிமன்றமே அநியாயத்துக்குத் துணை போகிறதே என்று குமுறினேன். பிறகு ஒரு வக்கீல் உத்தரவை வரிவரியாக விளக்கினார். தம்பி தன் பெயரில், தன் கையெழுத்தைத்தான் போட்டிருக்கிறான். தனதல்லாததைத் தனது என்று எழுதிக் கொடுப்பது தவறுதான், ஆனால் அது போலி ஆவணம் ஆகாது. ஏமாந்தேன் என்று புகார் சொல்ல வேண்டியவர் பணம் கொடுத்து வாங்கியவர், நான் அல்ல. 2009-இல் முகமது இப்ராஹிம் எதிர் பீகார் அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. மிரட்டல் என்றால் என்ன சொன்னான், எப்போது சொன்னான் என்று மனுவில் ஒன்றுமில்லை. பங்கு வேண்டுமானால் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று உத்தரவு முடிந்திருந்தது. தம்பி வரப்பில் நின்று சொன்னதும் அதுதானே!

ரத்து என்றால் தம்பி செய்தது சரி என்று பொருள் இல்லை. என் பங்கு என் பங்காகவே இருந்தது. பாகப்பிரிவினை வழக்குப் போட்டேன். 2022-இல் மக்கள் நீதிமன்றத்தில் சமரசமாகி, பங்குக்கு உரிய பணம் வந்தது. கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைத்தது. முதல் நாளே அங்கே போயிருந்தால் மூன்று வருடம் மிச்சம்.

"அப்ப நான் என்ன சார் செய்ய?" என்றான் மாணவன். மூலப் பத்திரம், பட்டா, வில்லங்கச் சான்று மூன்றையும் எடுத்துக்கொண்டு சிவில் வக்கீலைப் பார். வாங்கியவர் மறுபடி விற்காமல் இருக்க இடைக்காலத் தடை கேள். உன் கையெழுத்தையே யாராவது போட்டிருந்தாலோ, உன்னை அடித்திருந்தாலோ போலீஸுக்குப் போ, அது வேறு. நடக்காததை மட்டும் எழுதாதே என்றேன்.

அவனிடம் சொல்லாத ஒன்றும் உண்டு. தம்பி மகன் 2017-இல் போலீஸ் தேர்வில் எழுத்து, ஓட்டம் எல்லாம் தேறினான். விசாரணையில் வழக்கு நிலுவை என்று தள்ளிவிட்டார்கள். ரத்தானபோது வயது கடந்துவிட்டது. இப்போது லாரி ஓட்டுகிறான். வழியில் பார்த்தால் "நல்லாருக்கீங்களா பெரியப்பா" என்று கேட்டுவிட்டுப் போகிறான்.

என் பதிவுகளை அவன் படிப்பதுண்டு. அய்யா, அந்த மிரட்டல் வரி பொய். உன்னைச் சேர்த்ததும் ஆத்திரத்தில்தான். ஏழு வருடமாக நேரில் சொல்ல வாய் வரவில்லை. இந்த வாரம் வீட்டுக்கு வருகிறேன்.