கம்பி கோத்தவர்களும் கட்டளை கோத்தவர்களும்

கலிஃபோர்னியாவின் மவுன்டன் வியூ நகரில் உள்ள கணினி வரலாற்று அருங்காட்சியகத்தில் இரண்டு ஐபிஎம் 1401 இயந்திரங்கள் இன்றும் ஓடுகின்றன. ஒன்று ஜெர்மனியின் ஹாம் நகரிலிருந்து வந்தது. மற்றொன்று கனெடிகட் மாநிலத்தில் ஒரு வீட்டின் நிலவறையில் இருந்துகொண்டு, 1990கள் வரை உல்லாச மன்றங்களுக்குப் பில் போட்டுக்கொண்டிருந்தது. ஓய்வுபெற்ற பொறியாளர்கள் சம்பளம் வாங்காமல் இவற்றைப் பராமரிக்கிறார்கள். பார்வையாளர்கள் 026 துளைப்பொறியில் தங்கள் பெயரைத் தட்டி ஓர் அட்டையில் துளையிடுகிறார்கள். அந்த அட்டையை இயந்திரம் படித்து, பெரிய எழுத்தில் தாளில் அடித்துக் கொடுக்கிறது. கூட்டம் கூடுவது அதற்காகத்தான். என் கவனம் போனது காட்சிக் கூடத்தில் இருக்கும் நினைவகத் தகடுகளின் மேல். ஒரு சட்டத்துக்குள் குறுக்கும் நெடுக்குமாகக் கம்பிகள். அவை வெட்டிக்கொள்ளும் ஒவ்வோர் இடத்திலும் கடுகளவு கருப்பு வளையம். அந்தக் கால நிரலாளர்களின் சாமர்த்தியத்தைப் பற்றி எத்தனையோ புத்தகங்கள் வந்துவிட்டன. ஒரே எழுத்தில் கூட்டல் செய்தவர்கள், ஆயிரத்துச் சொச்சம் இடத்தில் ஒரு கம்பெனியின் சம்பளப் பட்டியலையே அடக்கியவர்கள் என்று அவர்களைக் கொண்டாடுகிறோம். கொண்டாட வேண்டியதுதான். ஆனால் அந்தச் சிக்கனத்தை அவர்கள்மேல் சுமத்தியது இந்த வளையத்தின் விலை. அந்த விலையில் ஒரு பெரும் பங்கு, வளையத்துக்குள் கம்பி நுழைத்த கைகளின் கூலி. ஆகவே ஆரம்பகாலக் கணினி நிரலாக்கம் என்று நாம் சொல்வது ஒரு தொழில் அல்ல, ஒன்றையொன்று தாங்கி நின்ற இரண்டு தொழில்கள் என்பதே என் கட்சி.

முதலில் நிரலாளரின் பக்கம். 1959 அக்டோபரில் 1401 அறிவிக்கப்பட்டபோது அதன் மிகச் சிறிய வடிவத்தில் 1,400 எழுத்துகளுக்குத்தான் இடம் இருந்தது. அதிலும் 1 முதல் 80 வரையுள்ள இடங்கள் படிக்கும் அட்டைக்கு, 101 முதல் 180 வரை துளையிடும் அட்டைக்கு, 201 முதல் 332 வரை அச்சு வரிக்கு. மிச்சம் சுமார் ஆயிரம் இடங்கள். கட்டளைகளும் கணக்குகளும் அதற்குள்தான் குடித்தனம் நடத்த வேண்டும். அட்டையில் துளையிடும் வேலை இல்லாத நிரல் என்றால், சும்மா கிடக்கும் அந்த 80 இடங்களையும் விடாமல் எடுத்துக்கொள்வார்கள். ஒவ்வோர் எழுத்துக்கும் எட்டு வளையங்கள்: நான்கு இலக்க மதிப்புக்கு, இரண்டு மண்டலக் குறிக்கு, ஒன்று பிழை சரிபார்ப்புக்கு. எட்டாவதன் பெயர் சொல் குறி. இந்த இயந்திரத்தின் அழகெல்லாம் அந்த எட்டாவதில்தான். எண் எத்தனை இலக்கம் என்று யாரும் முன்கூட்டிச் சொல்ல வேண்டியதில்லை. கூட்டல் கட்டளை வலக்கோடியில் தொடங்கி, பள்ளிக்கூடத்தில் நாம் கூட்டுவது போலவே இடப்பக்கம் நகர்ந்துபோய், சொல் குறி எதிர்ப்படும் இடத்தில் நின்றுவிடும். கட்டளைகளின் நீளத்தையும் அதே குறிதான் முடிவுசெய்கிறது. முழுக் கூட்டல் கட்டளைக்கு ஏழு எழுத்து வேண்டும்: செயலுக்கு ஒன்று, இரண்டு முகவரிகளுக்கு மும்மூன்று. ஆனால் ஒரு கூட்டல் முடிந்த இடத்தை முகவரிப் பதிவேடுகள் நினைவில் வைத்திருக்கும். அடுத்துக் கூட்ட வேண்டிய எண்கள் அவற்றுக்குப் பக்கத்திலேயே இருக்கும்படி நிரலாளர் முன்யோசனையோடு அடுக்கியிருந்தால், அடுத்த கட்டளைக்கு முகவரியே தேவையில்லை. ஓரெழுத்து போதும், ஆறு எழுத்து மிச்சம். ஆறு எழுத்து என்றால் 48 வளையங்கள்.

இந்த 48தான் என் வாதத்தின் அச்சாணி. மூளையின் வேலை என்று சொல்லப்படுவதும் கையின் வேலை என்று சொல்லப்படுவதும் ஒரே அலகில் அளக்கப்படும் இடம் இது. அடிப்படை இயந்திரத்தின் வாடகையே மாதம் சுமார் 2,500 டாலரிலிருந்து தொடங்கியது. பெருக்கலும் வகுத்தலும் அதில் கிடையாது. அவை தனியாக வாடகை கொடுத்து வாங்கிக்கொள்ள வேண்டிய வசதிகள். இரண்டு எண்களில் எது பெரிது என்று நேரடியாகக் கேட்கும் திறனுக்குக்கூடத் தனிக் கட்டணம்! கட்டணம் கொடுக்காத நிறுவனத்தின் நிரலாளர் கூட்டலையே திரும்பத் திரும்பச் செய்து பெருக்கினார். நினைவகம் வாங்க மனமில்லாத நிறுவனத்தில், ஓடிக்கொண்டிருக்கும் நிரல் தன் கட்டளையின் முகவரியைத் தானே திருத்திக்கொள்ளும்படி எழுதினார்கள். இன்றைய பாடப்புத்தகம் செய்யவே கூடாது என்று தடுக்கும் காரியம் இது. அன்றோ அதற்குப் பெயர் திறமை.

இனி அந்த வளையம். ஃபெரைட் என்னும் காந்தப் பொருளால் ஆனது. ஒரு திசையில் காந்தமேறினால் 1, மறுதிசையில் ஏறினால் 0. அன்றைய வழக்கமான அமைப்பில் ஒவ்வொரு வளையத்துக்குள்ளும் நான்கு கம்பிகள் போகும். நெடுக்குக் கம்பியிலும் குறுக்குக் கம்பியிலும் பாதிப் பாதி மின்னோட்டம் விட்டால், இரண்டும் சந்திக்கும் ஒரே ஒரு வளையம் மட்டும் திரும்பும், மற்றவை அசையாது. மூன்றாவது கம்பி அந்தத் திருப்பத்தை உணர்வதற்கு, நான்காவது எழுதும்போது தடுப்பதற்கு. படித்த மாத்திரத்தில் உள்ளே இருந்தது அழிந்துவிடும் என்பதால், படித்ததை உடனே திரும்ப எழுதியாக வேண்டும். இந்தச் சுற்று முழுவதும் 1401இல் 11.5 மைக்ரோ விநாடியில் முடிந்துவிடுகிறது. அதன் ஒரு தகட்டில் 50 வரிசை, 80 பத்தி, 4,000 வளையங்கள். நாலாயிரம் எழுத்துக்கு அப்படி எட்டுத் தகடுகள். ஆக 32,000 வளையங்கள், ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட நுழைவுகள். பாசிமணி கோப்பது போலத்தானே என்று கேட்கலாம். பாசிமணி மாலையில் ஒரு மணி உடைந்தால் எடுத்துப் போட்டுவிட்டு மேலே கோக்கலாம். இங்கே நடுவில் ஒரு வளையம் விரிசல் விட்டால், அதைத் தொட்டுப் போகும் கம்பிகளை எல்லாம் உருவ வேண்டியிருக்கும். உருப்பெருக்கியின் கீழ் குனிந்து இதைச் செய்தவர்களில் மிகப் பெரும்பாலோர் பெண்கள்.

இயந்திரம் வந்து இந்த வேலையை எடுத்துக்கொள்ளவில்லையா? வந்தது. உள்ளீடற்ற ஊசிகளை வளைய வரிசைக்குள் செலுத்தி நெடுக்கு, குறுக்குக் கம்பிகளை நுழைக்கும் கருவியை ஐபிஎம் 1950களிலேயே உருவாக்கியது. ஒரு தகட்டுக்குப் பல மணி நேரம் பிடித்த வேலை நிமிடங்களுக்குள் சுருங்கியது. ஆனால் வளைந்து வளைந்து போகும் உணர்கம்பி நெடுங்காலம் கைவேலையாகவே நின்றது. அதைவிடச் சுவையான திருப்பம் 1960களில் நடந்தது. தேவை பெருகியதும், இத்தனை சாமர்த்தியமான கருவி கைவசம் இருந்த நிறுவனமே கம்பி கோக்கும் வேலையைக் கிழக்காசியத் தொழிலகங்களுக்கு அனுப்பிவைத்தது. அங்கே மனித விரல் ஊசியைவிட மலிவு. காந்த வளைய நினைவகத்தின் விலை பிட் ஒன்றுக்குச் சுமார் ஒரு டாலரில் தொடங்கி, அதன் ஆயுள் முடிவதற்குள் ஒரு சென்டுக்கு இறங்கியதாகச் சொல்வார்கள். அந்த இறக்கத்துக்குக் கருவி பாதிக் காரணம் என்றால், கூலி மலிந்த ஊருக்கு வேலை போனது மறு பாதி.

நிரல் எழுதுவது சிந்தனை, கம்பி கோப்பது வெறும் பழக்கம், இரண்டையும் ஒரே தராசில் வைக்கலாமா என்பது நான் எதிர்பார்க்கும் முதல் மறுப்பு. இதற்குப் பதில் கணினியின் பிறப்பிலேயே இருக்கிறது. 1946 பிப்ரவரியில் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் எனியாக் இயந்திரத்தை உலகுக்குக் காட்டினார்கள். அதற்குக் கணக்கு ஏற்றியவர்கள் ஆறு பெண்கள்: கே மெக்நல்டி, பெட்டி ஜென்னிங்ஸ், பெட்டி ஸ்னைடர், மார்லின் வெஸ்காஃப், ஃபிரான் பிலாஸ், ரூத் லிக்டர்மேன். மொழி கிடையாது, கையேடு கிடையாது. சுற்று வரைபடங்களைப் படித்து, வடங்களைச் செருகி, சுவிட்சுகளைத் திருப்பி அவர்கள் நிரலை அமைத்தார்கள். அந்நாளில் அது எழுத்தர் வேலைக்குச் சற்று மேலே என்று கருதப்பட்டது. வெற்றியைக் கொண்டாடிய விருந்துக்கு அவர்களை அழைக்கவில்லை. உரிய அங்கீகாரம் வர ஐம்பது ஆண்டு ஆயிற்று. அதாவது நிரலாக்கமே ஒரு காலத்தில் கையின் வேலையாக எண்ணப்பட்டு, சம்பளமும் மதிப்பும் ஏறிய பிறகுதான் மூளையின் வேலை ஆகியிருக்கிறது. மூளைக்கும் கைக்கும் நடுவே நாம் போடும் கோடு வேலையின் இயல்பில் இல்லை, செய்பவரின் அந்தஸ்தில் இருக்கிறது. 1401 போன்ற மெயின்ஃபிரேம் (பெருங்கணினி) அல்ல என்றாலும் அப்போலோ விண்கலக் கணினியையும் இங்கே சொல்ல வேண்டும். அதில் வளையத்துக்குள்ளே கம்பி போனால் 1, வெளியே போனால் 0. மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ரேதியான் தொழிற்சாலையில் பெண்கள் கோத்த கம்பியேதான் நிரல். அதைப் பொறியாளர்கள் கிழவிகள் நினைவகம் என்று கேலியாக அழைத்தார்கள். அந்தக் கேலியே எனக்குப் போதுமான சாட்சி.

பணம் யாரிடம் போய்ச் சேர்ந்தது என்று பார்த்தால் கோடு இன்னும் தெளிவாகிறது. வளைய நினைவகம் பற்றிய தன் காப்புரிமையை ஆன் வாங் 1956இல் ஐபிஎம்முக்கு 5 லட்சம் டாலருக்கு விற்றார். ஜே ஃபாரெஸ்டரின் காப்புரிமைக்காக எம்ஐடி 1964இல் அதே நிறுவனத்திடமிருந்து 1.3 கோடி டாலர் பெற்றது. இருவரின் கண்டுபிடிப்பையும் நான் குறைத்து மதிப்பிடவில்லை. மின்னோட்டத்தைப் பாதியாகப் பிரித்து அனுப்பும் யோசனை அவ்வளவு எளிதில் யாருக்கும் உதிப்பதல்ல. ஆனால் யோசனைக்குக் காப்புரிமை உண்டு, விரலுக்குக் கிடையாது. இரண்டுக்கும் நடுவே நின்று இயந்திரத்தை விற்காமல் மாதாமாதம் வாடகை வசூலித்தவர் அடைந்த லாபமோ இரண்டையும் விழுங்கிவிட்டது. விலைக்கும் தரத்தான் வேண்டும் என்று 1956இல் அமெரிக்க நீதிமன்ற ஒப்பந்தம் கட்டாயப்படுத்திய பிறகும் வாடகைதான் வழக்கமாக இருந்தது. பிற நாடுகளில் உழைத்துத் தேய்ந்த 1401களைத்தான் புதுப்பித்து இந்திய அலுவலகங்களுக்கு வாடகைக்கு விட்டார்கள். ஒரு முறை கோத்த வளையத்துக்குக் கூலி ஒரு தடவை. வாடகை எத்தனை தடவை என்று கணக்கில்லை. 1978இல் ஐபிஎம் இந்தியாவை விட்டுப் போனதற்கு அந்நியச் செலாவணிச் சட்டத்தைக் காரணமாகச் சொல்கிறோம். அதோடு இந்த வாடகைக் கணக்கையும் வைத்துப் படிக்க வேண்டும்.

இன்னொரு மறுப்பு பழைய நிரலாளர்களிடமிருந்தே வரும்: நெருக்கடிதான் எங்களுக்கு ஒழுக்கத்தைக் கற்றுக்கொடுத்தது, இன்றைய நிரல்கள் ஊதிக் கிடக்கின்றன. பாதி உண்மை. எழுத்துக்கு எழுத்து எண்ணி எழுதிய நிரலைப் படிக்கும்போது எனக்கும் மரியாதை வருகிறது. ஆனால் அந்தச் சிக்கனத்துக்கு ஒரு கடன் பக்கமும் இருந்தது. ஆண்டை இரண்டு இலக்கத்தில் எழுதியது அதே கஞ்சத்தனம்தான். நினைவகம் மட்டுமல்ல, 80 பத்தி அட்டையின் நெருக்கடியும் அதற்குக் காரணம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். 1964இல் ஐபிஎம் 360 வந்தபோது வாடிக்கையாளர் கைவிட்டுப் போகாதிருக்க, அதன் சிறிய வடிவங்கள் 1401 போல நடித்துப் பழைய நிரல்களை அப்படியே ஓட்டின. இயந்திரம் போன பிறகும் பழக்கம் பிழைத்துக்கொண்டது. 1999இல், 2000 பிறக்கும்போது கணினிகள் குழம்பாதிருக்க, உலகமே அந்த இரண்டு இலக்க ஆண்டுகளைத் தேடித் திருத்திக்கொண்டிருந்தபோது அதில் பெரும் பங்கு இந்தியப் பொறியாளர்களுக்கு ஒப்பந்தக் கூலியாக வந்தது. ஆக, ஒழுக்கம் என்று நினைவுகூரப்படுவது ஒரு செலவைத் தள்ளிப்போட்டதும்கூட. தள்ளிப்போட்ட செலவைக் கட்டியவர்கள் வேறு நாட்டில், வேறு தலைமுறையில் இருந்தார்கள்.

குறைகடத்திச் சில்லு வந்ததும் இதெல்லாம் பழங்கதை ஆகிவிட்டதே என்றும் சொல்லலாம். 1970இல் இன்டெல் 1103 என்ற நினைவகச் சில்லை வெளியிட்டது. சில ஆண்டுகளிலேயே காந்த வளையம் சந்தையை இழந்தது. வளையம் போயிற்று, கம்பி போகவில்லை. சில்லின் முனைகளை உறையின் கால்களோடு இணைக்க, தலைமுடியைவிட மெல்லிய கம்பி வேண்டியிருந்தது. அதை நுண்ணோக்கியின் கீழ் ஒவ்வொன்றாகப் பிணைக்க ஆள் வேண்டியிருந்தது. இன்டெல் 1972இல் அமெரிக்காவுக்கு வெளியே தன் முதல் ஆலையை மலேசியாவின் பினாங்கில் திறந்தது இந்த வேலைக்காகத்தான். அந்தத் தீவின் மின்னணு ஆலைகளில் வரிசையாக அமர்ந்த மலாய், சீன, தமிழ்ப் பெண்களுக்கு நல்ல கண்பார்வை வேண்டும் என்பது வேலைக்கான தகுதி. அது மங்கத் தொடங்கினால் வேலையும் போகும். மவுன்டன் வியூவிலிருந்து சில மைல் தொலைவில் சான்டா கிளாராவில் இருக்கிறது இன்டெல்லின் தலைமையகம். அங்கே வடிவமைத்தவர்களின் பெயர்கள் வரலாற்றுப் புத்தகங்களில் இருக்கின்றன. பினாங்கில் பிணைத்தவர்களின் பெயர்கள், கிடைத்தால், ஆலைகளின் பழைய சம்பளப் பட்டியல்களில்தான் கிடைக்கும். அந்தப் பட்டியல்களை அடித்துக் கொடுத்ததும் ஏதோ ஒரு மெயின்ஃபிரேமாகத்தான் இருக்கும்.