வெட்டி எடுத்த சூரி

'ராபின்சன் குரூசோ'வைச் சிறுவர்களுக்காகத் தமிழில் சுருக்கிக் கொடுத்தவன் நான். ஆறு ஃபாரத்துக்குள் அடக்கச் சொன்னார்கள், அடக்கினேன். எதை வைத்தேன், எதை விட்டேன் என்று இதுவரை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் இடம் போதவில்லை என்று சமாளித்திருப்பேன். இடம் இருந்தது.

டேனியல் டீஃபோவின் இந்த நாவல் 1719-ல் வெளிவந்தது. தீவுக்கதை என்றதும் நமக்கு ஞாபகம் வருகிற அத்தனையும் இதில் உண்டு: உடைந்த கப்பலிலிருந்து தெப்பத்தில் சாமான் ஏற்றி வருவது, பேசும் கிளி, மணலில் ஒற்றைக் காலடித் தடம். ஒன்றையும் நான் விடவில்லை. ஆட்டுத்தோல் குடைக்கே ஒரு முழுப் பக்கம் கொடுத்தேன். விரிக்கிற மாதிரி குரூசோ செய்துவிடுகிறான், மடக்கத்தான் வரவில்லை. இரண்டு மூன்றைக் கெடுத்த பிறகு, மடக்கி அக்குளில் இடுக்கிக்கொள்கிற குடை ஒன்று தேறுகிறது. எழுதும்போது எனக்கே கை பரபரத்தது.

வெட்டியதெல்லாம் அவன் தீவுக்கு வருவதற்கு முந்தைய கதை. மொராக்கோவின் சாலி துறைமுகத்தில் குரூசோவே அடிமையாக இருந்தவன். அங்கிருந்து படகில் தப்பும்போது கூட வந்தவன் சூரி என்கிற பையன். பசி, தாகம், கரையில் உறுமும் மிருகங்கள் எல்லாவற்றையும் இருவரும் சேர்ந்தே கடக்கிறார்கள். கடைசியில் ஒரு போர்ச்சுகீசியக் கப்பல் அவர்களைக் காப்பாற்றுகிறது. அந்தக் கேப்டனிடம் குரூசோ பையனை 60 வெள்ளிக்காசுக்குக் கொடுத்துவிடுகிறான். கொஞ்சம் தயங்குகிறான், இல்லையென்று சொல்ல முடியாது. கிறிஸ்தவனானால் பத்து வருஷத்தில் விடுதலை என்று கேப்டன் சொன்னதும் தயக்கம் தீர்ந்துவிடுகிறது. பிறகு பிரேசிலில் தோட்டம் போட்டு, வேலைக்கு ஆள் பற்றாமல் திண்டாடும்போதுதான் சூரியை விட்டது தப்பு என்று வருந்துகிறான். டீஃபோ இதை ஒளிக்கவில்லை, அப்பட்டமாகவே எழுதிவைத்திருக்கிறார். ஒளித்தவன் நான்.

கடைசியில் தீவில் கொண்டுபோய்விட்ட அந்தக் கப்பலில் 1659 செப்டம்பரில் குரூசோ ஏறியது எதற்கு? கினியா கரைக்குப் போய்த் தோட்டங்களுக்கு அடிமைகளைக் கொண்டுவர. முதல் போடாமலே அவனுக்குச் சம பங்கு என்பது ஒப்பந்தம். என் புத்தகத்தில் 'வியாபாரத்துக்காக' என்று ஒரே வார்த்தையில் முடித்திருந்தேன். ஒரு பள்ளிக்கூடத்துக்குப் பேசப் போனபோது ஒரு சிறுமி எழுந்து, "என்ன வியாபாரம் சார்?" என்றாள். "தங்கத்தூள், யானைத்தந்தம்" என்றேன். இரண்டும் நாவலில் கினியா வியாபாரத்தில் வருபவைதான். அதனால் அன்றைக்கு அது பொய்யாகக்கூடத் தோன்றவில்லை.

தீவில் குரூசோவிடம் வந்து சேரும் பூர்வகுடி இளைஞன் ஃப்ரைடேயையும் விட்டுவைக்கவில்லை. அவனுக்கு குரூசோ முதலில் கற்றுக்கொடுக்கும் சொற்களில் ஒன்று 'எஜமான்'. நான் இருவரையும் நண்பர்களாக்கிவிட்டேன். ஓவியரிடம், தோளில் கைபோட்டு நடக்கிற மாதிரி வரையச் சொன்னதும் நான்தான்.

குழந்தைகள் மனசு நோகக்கூடாது என்பது வெளியே சொல்லிக்கொள்கிற காரணம். அந்தத் தீவை எனக்குச் சின்ன வயதிலிருந்தே பிடிக்கும் என்பதுதான் நிஜக் காரணம். அதட்ட ஒருவரும் இல்லாத, பார்த்ததெல்லாம் என்னுடையதாகிற இடம். அங்கே கரையேறியவன் ஆள்பிடிக்கப் போனவன் என்று தெரிந்தால் நான் அங்கே நிம்மதியாகக் குடியிருக்க முடியாது. பிள்ளைகள் பேரைச் சொல்லி என் தீவைப் பெருக்கி வைத்துக்கொண்டேன்.

பின்னுரையில் செய்தது இன்னும் மோசம். 'உண்மையான குரூசோ' என்று தலைப்புப் போட்டு அலெக்சாண்டர் செல்கிர்க்கைப் பற்றி எழுதினேன். ஸ்காட்லாந்து மாலுமி. கப்பல் தாங்காது என்று சண்டை போட்டு, 1704-ல் சிலி நாட்டுக்கு அப்பால் ஒரு தீவில் இறங்கிக்கொண்டவர், 1709-ல் மீட்கப்பட்டார். 1966-ல் சிலி அரசு அந்தத் தீவுக்கு ராபின்சன் குரூசோ என்றே பெயர் வைத்தது. இவ்வளவும் சரி. ஆனால் அதே தீவில் செல்கிர்க்குக்கு முன்பே, 1681 முதல் 1684 வரை ஒருவர் தனியாக இருந்திருக்கிறார். மத்திய அமெரிக்காவின் மிஸ்கிட்டோ இனத்தவர், கப்பல்காரர்கள் வில் என்று கூப்பிட்டார்கள். ஆடு வேட்டைக்குப் போயிருந்த நேரத்தில் ஸ்பானியக் கப்பல்கள் வர, கூட்டாளிகள் அவரை விட்டுவிட்டு ஓடிவிட்டார்கள். துப்பாக்கிக் குழாயை நெருப்பில் காய்ச்சி, அடித்து, ஈட்டிமுனையும் தூண்டில்முள்ளும் செய்துகொண்டார். இதை எழுதிவைத்தவர் வில்லியம் டாம்பியர். வில்லை மீட்டபோதும் செல்கிர்க்கை மீட்டபோதும் கப்பலில் இருந்தவர் அவர்.

இது எனக்குத் தெரியும், குறிப்பேட்டில் எழுதியும் வைத்திருந்தேன். ஆனால் தீவில் தனியே பிழைத்தவர் பூர்வகுடி என்று சொன்னால், அடுத்த நொடியே ஃப்ரைடே எதற்கு வேலைக்காரனாக வருகிறான் என்ற கேள்வி எழும். பின்னுரையில் வில் வரவில்லை.

போன வருஷம் மறுபதிப்புக்குப் புரூஃப் வந்தது. ஒற்றுப்பிழைகளைத் திருத்தினேன், இரண்டு இடத்தில் கமா சேர்த்தேன். சூரிக்கும் வில்லுக்குமாகச் சேர்த்து நான்கு பக்கம் கேட்கலாம் என்று நினைத்தேன். ஃபாரம் கூடும், விலை ஏறும், ஒத்துக்கொள்ள மாட்டார்கள் என்று நானே முடிவுகட்டினேன். ஒரு போன் போட்டுக்கூடக் கேட்கவில்லை. புத்தகம் அப்படியே விற்றுக்கொண்டிருக்கிறது, ராயல்டியும் வருகிறது.